நீம்டாங்காவில் நான் ஆக்கிய சோறு

டிசம்பர் 27

வங்காளத்து நீம்டாங்கா வந்து சேர்ந்தேன். ரயில் எவ்வளவு தாமதம் என்று எழுதினால் எனக்கே கோபம் வரும், ஆகவே எழுதவில்லை. கோயில்பட்டி பஸ் டெப்போவில் டைம் கீப்பராக உட்கார்ந்து தலை நரைத்தவன் நான். வண்டி கொஞ்சம் பிந்தினாலும் டிரைவரை நிற்க வைத்துக் கேள்வி கேட்பேன். கரக்பூரில் இறங்கி, வேறு ரயில் ஏறி, விஷ்ணுபூரில் இறங்கி, பேட்டரி ஆட்டோவில் குலுங்கி வந்ததற்கு இங்கே யாரை நிற்க வைத்துக் கேட்பது?

சின்ன ஊர்தான். வயல், குளம், செம்மண் ரோடு, வைக்கோல் போர். நடுவில் ஆசிரமம். சுதாமா பாபா என்று ஒரு சாமியார் அந்தக் காலத்தில் வேப்ப மரத்தடியில் உட்கார்ந்த இடமாம். ஊர்ப் பெயரைச் சொன்னால் எவனுக்கும் தெரியவில்லை. ஆசிரமம் என்றதும் ஸ்டேஷனிலேயே நாலு பேர் வழி சொன்னார்கள்.

என் மனைவி செண்பகம் வாசலில் நின்றாள். இளைத்துவிட்டாள் என்று முதலில் நினைத்தேன். பிறகு பார்த்தால் இளைக்கவில்லை, நிமிர்ந்து நிற்கிறாள். அவ்வளவுதான்.

"வந்துட்டீகளா?" என்றாள்.

"வராம?" என்றேன்.

ஐப்பசியில் பக்கத்துத் தெருப் பெண்களோடு காசி, கயா என்று டூர் வந்தவள். வழியில் இந்த ஊரில் காய்ச்சலில் படுத்தாள். டூர் வண்டி போய்விட்டது. ஆசிரமத்துப் பெண்கள் பார்த்துக்கொண்டார்கள். காய்ச்சல் சீக்கிரமே விட்டுவிட்டது, இவள்தான் ஊரை விடவில்லை. போனில் கேட்டால் இன்னும் கொஞ்ச நாள், இன்னும் கொஞ்ச நாள். போன வாரம் அவளே கூப்பிட்டு, "ஒரு தடவை நேர்ல வாங்க, போன்ல பேசுற விஷயம் இல்ல" என்றாள். இவ்வளவு தூரம் தனியாகத் திரும்பி வரப் பயமாக இருக்கும். அழைத்துக்கொண்டு போகத்தான் வந்திருக்கிறேன்.

ஆண்களுக்குத் தனி விடுதி, பெண்களுக்குத் தனி விடுதி. புருஷன் பெண்டாட்டி என்றாலும் அப்படித்தானாம். குளிர் எலும்பைத் தொடுகிறது.

டிசம்பர் 28

காலையில் பொரி. சாயங்காலம் பொரி. நம்மூரில் ஆயுத பூஜைக்கு மட்டும் வாங்குகிற சாமான். இங்கே அதில் கடுகெண்ணெயை விட்டுப் பச்சை மிளகாயைக் கடித்துக்கொண்டு ஊரே சாப்பிடுகிறது. மத்தியானம் ஆசிரமத்தில் கிச்சடி. அது பரவாயில்லை.

எப்போது கிளம்பலாம் என்று கேட்டேன். "இப்பத்தானே வந்தீக, மார்கழி முடியட்டும்" என்றாள். இவர்களும் மார்கழியில் நல்ல காரியம் செய்ய மாட்டார்களாம். ஊருக்குப் போவது என்ன நல்ல காரியமா, கெட்ட காரியமா? சரி என்று விட்டுவிட்டேன்.

டிசம்பர் 29

தமிழ் பேசுகிற ஆள் ஒருவன் கிடைத்தான். ஆசிரம வாசலில் டீக்கடை வைத்திருக்கும் நிதாய். மனைவியின் வைத்தியத்துக்காக வேலூரில் மாதக்கணக்கில் தங்கியிருந்தானாம். அங்கே கற்ற தமிழ். ஆகவே முழுக்க முழுக்க ஆஸ்பத்திரித் தமிழ்.

நான் போய் நின்றதும், "உக்காருங்க சார். எங்க வலிக்குது?" என்றான்.

எங்கும் வலிக்கவில்லை, டீ வேண்டும் என்றேன்.

"சாப்பாட்டுக்கு முன்னாடியா, பின்னாடியா?" என்றான்.

அவன் மனைவி உள்ளே உட்கார்ந்து அவனை வங்காளத்தில் திட்டிக்கொண்டே இருந்தாள். நல்ல ஆரோக்கியம்.

குரங்குக் குல்லா ஒன்று வாங்கினேன். கண்ணாடியில் பார்த்துக்கொள்ளவில்லை.

டிசம்பர் 30

சமையற்கட்டுத் தாழ்வாரத்தில் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து காய் நறுக்குகிறார்கள். நம்ம அரிவாள்மணையேதான், காலால் மிதித்துக்கொண்டு. செண்பகம் முட்டைக்கோஸ் அரிந்துகொண்டிருந்தாள். தள்ளி, தூணுக்குப் பின்னால், சும்மா நின்றேன்.

சரமா மாசி என்று ஒரு கனத்த அம்மாள். சமையற்கட்டு அவள் ராஜ்யம். மாசி என்றால் சித்தி மாதிரி. எல்லோரும் அவளை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். அவள் செண்பகத்திடம் ஏதோ சொன்னாள். செண்பகம், கோஸை இன்னும் பொடியாக அரிய முடியாது, அரிந்தால் வெந்ததும் காணாமல் போகும் என்பது போலக் கையை ஆட்டி, சத்தமாக, அரைகுறை வங்காளத்தில் சண்டை போட்டாள். சரமா திரும்பச் சண்டை போட்டாள். பிறகு இரண்டு பேரும் சிரித்தார்கள். செண்பகம் தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தாள்.

வீட்டில் அவள் வாயில் இருந்து வருகிற வார்த்தை "சரிங்க". அந்த வாய்க்கு இவ்வளவு சத்தம் உண்டு என்று எனக்குத் தெரியாது. தூணுக்குப் பின்னாலேயே திரும்பி வந்துவிட்டேன்.

ஜனவரி 1

இன்று சொல்லிவிட்டாள். குளத்துப் படியில் உட்கார்ந்திருந்தோம்.

"நான் கிளம்பலைங்க" என்றாள். "நீங்க சம்மதிச்சா இங்கேயே இருந்துருவேன். பொம்பளைக விடுதியில ஒரு கட்டில் காலியா இருக்கு."

எனக்குச் சட்டென்று ஒன்றும் புரியவில்லை. குளத்தில் ஒரு வாத்து போய்க்கொண்டிருந்தது, அதைப் பார்த்தேன்.

"சம்மதிக்கலேன்னா?"

"வந்துருவேன்."

"மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிட்டா?"

"இல்லைங்க. எப்பவும் போலதான்."

"நான் உன்னை அடிச்சேனா? குடிச்சுட்டு வந்தேனா?"

"ஒரு குறையும் இல்லைங்க."

"அப்புறம் என்ன?"

படியில் கிடந்த சருகைத் தண்ணீரில் தள்ளினாள். பிறகு சொன்னாள். "காத்துக்கிட்டே இருந்தேங்க. காலை ஷிப்டு முடியட்டும், ராத்திரி ஷிப்டு முடியட்டும், சுபா பெருசாகட்டும், நீங்க ரிட்டயர் ஆகட்டும்னு. ரிட்டயரும் ஆனீக. அப்புறமும் காத்துக்கிட்டுதான் இருந்தேன், எதுக்குன்னு தெரியாம. இங்க வந்து காய்ச்சல்ல விழுந்தேன். எந்திரிச்சுப் பார்த்தா, எதுக்கும் காத்திருக்கலை. சாமிக்காக மட்டும்னு நினைக்காதீக. இங்க இருக்கது எனக்குப் பிடிச்சிருக்கு."

காய்ச்சல் மூளைக்கு ஏறியிருக்குமோ என்று கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. அவள் பேச்சு தெளிவாக இருந்தது. எனக்குத்தான் காது அடைத்துக்கொண்டது.

ஜனவரி 2

பொரி.

ஜனவரி 3

டீக்கடையில் உட்கார்ந்திருந்தேன். நிதாய் வழக்கம்போல "எங்க வலிக்குது சார்?" என்றான். இன்று எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவன் டீயை வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தான். அவனுக்கு எல்லாம் தெரிந்திருக்கிறது. ஊருக்கே தெரிந்திருக்கிறது.

கணவன் சம்மதம் தருவதற்கு இங்கே ஒரு முறை வைத்திருக்கிறார்கள். வங்காளத்தில் கல்யாணம் முடிந்த மறுநாள் மாப்பிள்ளை பெண்ணிடம் ஒரு தட்டுச் சோறும் ஒரு புடவையும் கொடுத்து, "இன்று முதல் உன் சோற்றுக்கும் துணிக்கும் நான் பொறுப்பு" என்று சொல்வானாம். சோறும் துணியும் என்றே அதற்குப் பெயர். சுதாமா பாபா அதைத் திருப்பி வைத்துவிட்டார். புருஷன் உயிரோடு இருக்கும்போது ஒரு பெண் ஆசிரமத்தில் தங்க வேண்டுமென்றால், அவன் இன்னொரு தடவை சோறும் புடவையும் கொடுக்க வேண்டும். சோற்றை அவனே தன் கையால் ஆக்க வேண்டும். வேறு யாரும் கரண்டியைத் தொடக்கூடாது. அவள் அதை ஒரு பருக்கை மிச்சம் வைக்காமல் சாப்பிட வேண்டும். சாப்பிட்டால், "இனி உன் சோற்றுக்கும் துணிக்கும் நான் பொறுப்பில்லை" என்று அவன் சொல்லிவிட வேண்டும். அவள் மிச்சம் வைத்தால், அன்றைக்கே அவனோடு ஊருக்குப் போய்விட வேண்டும். அதற்கு மேல் பேச்சு கிடையாது.

"அவன் ஏன் ஆக்கணும்?" என்று கேட்டேன்.

நிதாய் யோசித்து யோசித்துச் சொன்னான். "புருஷனுக்கு அடுப்பு தெரியாது. அப்போ அம்மா இங்க உக்காந்து சாமி பாக்காது. அவரு சாப்ட்டாரா, மாத்திரை போட்டாரா, அதுதான் பாக்கும். பாபா சொன்னாரு, அது வேஸ்ட்."

பாபா கெட்டிக்காரர்தான்.

சாயங்காலம் பெரிய மகராஜைப் பார்த்தேன். ஆசிரமத்தின் தலைவர், என் வயதுதான் இருக்கும், மூக்கடைப்பு. இந்தியில் பேசினார், எனக்குப் பாதி புரிந்தது. கட்டாயம் எதுவும் இல்லை, மாகம் முதல் தேதி வரை யோசித்துச் சொல்லுங்கள் என்றார். மாகம் இவர்கள் மாதம், நம்ம தைப் பொங்கலை ஒட்டிப் பிறக்கிறது.

ஜனவரி 4

மகள் சுபா பெங்களூரில் இருந்து பேசினாள். அம்மா சொன்னதைக் கேட்டீர்களா என்றாள். அவளுக்குத் தீபாவளியில் இருந்தே தெரியுமாம். எனக்கு மட்டும்தான் தெரியாது. வண்டி வராது என்று தெரிந்தும் பயணிகளுக்குச் சொல்லாமல் இருக்கிற டெப்போ மாதிரி இரண்டு பேரும் இருந்திருக்கிறார்கள்.

"உனக்கு இது சரின்னு படுதா?"

"அம்மா குரல் நல்லா இருக்குப்பா."

"என் குரல்?"

"நீங்க பெங்களூர் வந்துருங்கப்பா. நாங்க பாத்துக்கிறோம்."

நான் என்ன பார்சலா, இங்கிருந்து எடுத்து அங்கே வைப்பதற்கு? அப்படியே கேட்டேன். அழுதாள். அப்புறம் நானே சமாதானம் சொல்ல வேண்டியதாகிவிட்டது.

ஜனவரி 5

மகராஜிடம் போய், ஆக்கிப் பார்க்கிறேன் என்று சொல்லிவிட்டேன்.

சம்மதம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. முடியாது என்று சொல்லவும் வரவில்லை. முடியாது என்றால் வந்துவிடுவாள். எப்பவும் போல இருப்பாள். அந்த "எப்பவும் போல" நாலு நாளாகக் காதில் கேட்டுக்கொண்டே இருக்கிறது. சோறே முடிவு செய்யட்டும்.

செண்பகத்திடம் சொன்னபோது என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். "கை சுட்டுக்காதீக" என்றாள்.

ஜனவரி 6

மத்தியானப் பந்தி முடிந்த பிறகு ஒரு விறகடுப்பையும் ஒரு சின்னத் தேக்சாவையும் சரமா எனக்கு ஒதுக்கினாள். நான் ஆக்கிப் பழகுகிற நாட்களில் செண்பகம் சமையற்கட்டுக்குள் வரக்கூடாது என்பதும் முறையாம். தாழ்வாரத்தில் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்து காய் அரிகிறாள்.

அரிசியைக் களைய வேண்டும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. உலை கொதித்த பிறகுதான் போட வேண்டும் என்றும் சொல்லவில்லை. சரமா இடுப்பில் கையை வைத்துக்கொண்டு பார்த்தாள். பிறகு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போனாள். வெளியே பெண்கள் சிரிக்கிற சத்தம் கேட்டது. செண்பகத்தின் சத்தமும் அதில் இருந்தது.

ஜனவரி 7

அடிப்பிடித்தது. ஆசிரமத்து மாடு சாப்பிட்டது. மாடும் கொஞ்சம் யோசித்துவிட்டுத்தான் சாப்பிட்டது.

ஜனவரி 9

குழைந்துவிட்டது. வீட்டில் சோறு இப்படி வந்தால் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்துவிடுவேன். நல்லா இருந்தால் ஒன்றும் சொல்ல மாட்டேன். நல்லா இருப்பதற்கு என்ன சொல்வது?

கஞ்சி வடிக்கும்போது கை சுட்டது. சொல்லிக்கொள்ளவில்லை. சாயங்காலம் நிதாய் ஒரு சின்னக் கிண்ணத்தில் தேங்காய் எண்ணெய் கொண்டுவந்தான். "அம்மா குடுத்துச்சு. வெளிப்பூச்சு. முழுங்கக் கூடாது" என்றான். முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தவளுக்கு எப்படித் தெரிந்தது?

ஜனவரி 11

இன்று பரவாயில்லை. கொஞ்சம் அவசரப்பட்டுவிட்டேன். சரமா இரண்டு பருக்கையை விரலில் எடுத்து நசுக்கிப் பார்த்து "ஹொய் நி" என்றாள். ஆகவில்லை என்று அர்த்தம். இந்த ஒரு வார்த்தை எனக்கு நன்றாகப் பாடமாகிவிட்டது. நாளெல்லாம் அதைத்தான் கேட்கிறேன்.

அவளுக்கும் புருஷன் இருந்தான் என்று நிதாய் சொன்னான். இதே அடுப்பில் அவனும் ஆக்கினானாம். முதல் நாளே பிரமாதமாக ஆக்கிவிட்டானாம். "சந்தோஷமா அனுப்பிட்டான் சார், ஒரே வாரத்துல வேற கல்யாணம்" என்றான். சரமா அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாளாம்.

ஜனவரி 13

சோறு இப்போது வருகிறது. விறகை எப்போது இழுக்க வேண்டும், எப்போது தள்ள வேண்டும் என்பது கைக்குத் தெரிந்துவிட்டது. யாராவது பாராட்டினால் நன்றாக இருக்கும். சரமா தலையை மட்டும் ஆட்டினாள்.

வேகாத சோற்றை யாராலும் முழுத் தட்டுச் சாப்பிட முடியாது. சும்மா எழுதி வைக்கிறேன்.

ஜனவரி 14

சங்கராந்தி. காலையில் ஊர்ப் பெண்கள் டுசு என்று ஒரு சின்னப் பெண் தெய்வத்தைக் காகிதத் தேரில் வைத்துத் தூக்கிக்கொண்டு ஆற்றுக்குப் பாடிக்கொண்டே போனார்கள். செண்பகமும் போனாள். பாட்டு அவளுக்குத் தெரியாது, வாயை மட்டும் அசைத்தாள். வழியில் என்னைப் பார்த்துக் கையை ஆட்டினாள். நடுத்தெருவில் என்னைப் பார்த்து அவள் கை ஆட்டியது இதுதான் முதல் தடவை. நானும் ஆட்டினேன். குரங்குக் குல்லாவோடு.

அரிசி மாவில் தேங்காயும் பனை வெல்லமும் வைத்து வேக வைத்தார்கள். இங்கே பீட்டே என்கிறார்கள். நம்ம கொழுக்கட்டை. செண்பகம் நாற்பது ஐம்பது பேருக்கு நடுவில் உட்கார்ந்து எப்படி மடிக்க வேண்டும் என்று எல்லோருக்கும் அதிகாரம் பண்ணிக்கொண்டிருந்தாள். எனக்கு இரண்டு கொண்டுவந்து கொடுத்தாள்.

"நல்லா இருக்கு" என்றேன்.

நின்று பார்த்தாள். "என்னது?"

"நல்லா இருக்குன்னு சொன்னேன்."

"உடம்பு எதும் சரியில்லையா?" என்று நெற்றியில் கை வைத்துப் பார்த்தாள். கேலிதான். ஆனாலும் கையை உடனே எடுக்கவில்லை.

எனக்கு இவளை விட்டுவிட்டுப் போக முடியாது. வேறு எப்படி எழுதுவது என்று தெரியவில்லை.

ஜனவரி 15

கடைசி ஒத்திகை. பூ மாதிரி வந்தது. ஒவ்வொரு பருக்கையும் தனித்தனி. சரமா ஒரு தட்டில் போட்டுக்கொண்டு தாழ்வாரத்துக்குப் போய் எல்லோருக்கும் ஒரு வாய் கொடுத்தாள். செண்பகமும் வாங்கிச் சாப்பிட்டாள். மென்றுகொண்டே திரும்பி என்னைப் பார்த்தாள். இவ்வளவு தூரத்தில் இருந்து முகம் சரியாகத் தெரியவில்லை. முந்தானையால் கண்ணைத் துடைத்தாளா, வாயைத் துடைத்தாளா என்பதும் தெரியவில்லை.

சரமா திரும்பி வந்து என் தோளில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினாள். "ஹொயேச்சே" என்றாள். ஆகிவிட்டது.

நாளைக்கு.

ஜனவரி 16

மாகம் பிறந்துவிட்டது. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

காலையில் குளித்து, வேட்டி கட்டி, அடுப்பு மூட்டினேன். விறகு ஈரம். பனி இறங்கியிருந்தது. உலை கொதித்தது, அரிசி போட்டேன். பூஜைக்கு மணி அடிக்கும்போது சோறு தயாராக இருக்க வேண்டும் என்று சொல்லியிருந்தார்கள். மணி அடித்தது. நான் தேக்சாவை இறக்கினேன். சரமா "ஹொய் நி, ஹொய் நி" என்று ஓடி வந்தாள். அவளுக்குக் கரண்டியைத் தொட உரிமை இல்லை. நான் வடித்துவிட்டேன். மணி அடித்தால் வண்டியை எடுத்துவிட வேண்டும், அப்படித்தான் நான் வேலை பார்த்தேன். சரமா என் முகத்தைப் பார்த்தாள், பிறகு நகர்ந்துகொண்டாள்.

மண்டபத்தில் எல்லோரும் உட்கார்ந்திருந்தார்கள். நிதாய் சட்டை மாற்றிக்கொண்டு வந்திருந்தான். செண்பகம் நடுவில், பாயில். நான் தட்டை அவள் முன் வைத்தேன். பருப்பையும், கசகசாவோடு வதக்கிய உருளைக்கிழங்கையும் ஆசிரமத்தார் பக்கத்தில் வைத்தார்கள். சிவப்புக் கரை போட்ட வெள்ளைப் புடவையை என் கையில் கொடுத்தார்கள். அவள் முடித்த பிறகு கொடுக்க வேண்டும். எதிரில் உட்கார்ந்தேன்.

முதல் வாய் எடுத்தாள். மென்றாள். நிறுத்தினாள்.

அவள் வாயில் அரிசி நெறிபடுவது எனக்குக் கேட்டது. பக்கத்தில் இருந்தவர்களுக்கும் கேட்டிருக்கும். அவள் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள், என்னைப் பார்க்கவில்லை. இப்போது தள்ளி வைத்துவிடுவாள் என்று நினைத்தேன். நான் எத்தனை தடவை தள்ளி வைத்திருக்கிறேன். சாயங்காலமே கிளம்பிவிடலாம் என்று மனசுக்குள் சாமானைக் கட்ட ஆரம்பித்துவிட்டேன்.

இரண்டாவது வாய் எடுத்தாள்.

பிறகு நிறுத்தவே இல்லை. பருப்பைத் தொடவில்லை, கிழங்கைத் தொடவில்லை. வெறும் சோற்றை, ஒவ்வொரு வாயாக, அவசரப்படாமல் மென்று மென்று விழுங்கினாள். ஒரு தடவை விக்கியது. தண்ணீர் குடித்துவிட்டு மறுபடியும் எடுத்தாள். நெற்றியில் வேர்த்தது, இந்தக் குளிரில். தட்டின் ஓரத்தில் ஒட்டியிருந்த பருக்கைகளையும் விரலால் வழித்துச் சாப்பிட்டாள். தட்டு காலியாகிவிட்டது.

பெரிய மகராஜ் குனிந்து தட்டைப் பார்த்தார். சோறு வெந்திருந்ததா என்று அவளிடம் கேட்டார். அதுவும் முறைதான் போல.

"ஹொயேச்சே" என்றாள் செண்பகம். தெளிவாக, எல்லோருக்கும் கேட்கும்படி.

அவள் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை.

நான் புடவையைக் கொடுத்தேன். அந்த வாக்கியத்தைத் தமிழில் சொல்லலாம் என்று சொல்லியிருந்தார்கள். "இனிமே உன் சோத்துக்கும் துணிக்கும்" என்பது வரை வந்தது. அதற்கு மேல் வரவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. அத்தனை பேருக்கு முன்னால், துண்டை வாயில் வைத்துக்கொண்டு அழுதேன். புகை என்று சொல்லிக்கொள்ள அங்கே அடுப்பும் இல்லை. யாரும் அவசரப்படுத்தவில்லை. செண்பகம் இரண்டு கையிலும் புடவையை ஏந்திக்கொண்டு காத்திருந்தாள். அவளை இன்னும் காத்திருக்க வைக்கிறேன் என்று உறைத்தது. மீதியைச் சொல்லி முடித்தேன்.

தேக்சாவில் மிஞ்சியதைப் புருஷன் சாப்பிட வேண்டும் என்பது கடைசிச் சடங்கு. இரண்டு வாய்க்கு மேல் என்னால் முடியவில்லை. பல்லில் கல் மாதிரி நின்றது. அவள் ஒரு முழுத் தட்டு சாப்பிட்டிருக்கிறாள். இந்த ஊரில் இருப்பதற்கு அவளுக்கு அவ்வளவு ஆசை. அது எனக்கு இன்று காலை வரை தெரியாது.

விறகு ஈரம் என்று மேலே எழுதியிருக்கிறேன். விறகு ஈரமில்லை.

ஜனவரி 17

கிளம்பிவிட்டேன். இதை ரயிலில் எழுதுகிறேன்.

காலையில் நிதாய் பணம் வாங்காமல் டீ கொடுத்தான். "ரெண்டு மாசம் கழிச்சு ரிவியூ வாங்க சார்" என்றான். வருகிறேன் என்றேன். சொன்ன பிறகுதான், உண்மையாகவே வருவேன் என்று தோன்றியது. பார்க்க வரக்கூடாது என்று பாபா எங்கேயும் சொல்லவில்லை.

செண்பகம் புதுப் புடவையில் பேட்டரி ஆட்டோ வரைக்கும் வந்தாள். வயிறு எப்படி இருக்கிறது என்று கேட்க நினைத்தேன், வெட்கமாக இருந்தது. அவளே கண்டுகொண்டாள்.

"ராத்திரி கொஞ்சம் வலிச்சுச்சு. இப்ப ஒண்ணுமில்ல" என்றாள்.

நான் பையை உள்ளே வைத்துவிட்டு ஏறி உட்கார்ந்தேன். அவள் ஆட்டோக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கேஸை அணைக்காமல் போகக்கூடாது, பால்காரனிடம் சொல்லி அளவைக் குறைத்துக்கொள்ள வேண்டும், சுபாவிடம் கோபமாகப் பேசக்கூடாது என்று ஒவ்வொன்றாகச் சொன்னாள். எல்லாவற்றுக்கும் "சரி" என்றேன். டிரைவர் திரும்பிப் பார்த்தான். அவள் கம்பியை விட்டாள். பிறகு கிட்டே குனிந்து, யாருக்கும் கேட்காத குரலில் சொன்னாள்.

"முந்தாநாள் ஆக்குன மாதிரி வீட்டுல ஆக்குங்க. நேத்து ஆக்குன மாதிரி ஆக்கிராதீக. அதை முழுங்க நான் அங்க இருக்க மாட்டேன்."